உயில் கோர்ட்டில் நிற்க வேண்டுமா? செட்டிநாட்டுக் குடும்பங்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

காரைக்குடி, தேவகோட்டைப் பக்கம் பெரிய வீட்டில் ஆச்சி மட்டும் இருப்பார். மகன் சென்னையில், மகள் சிங்கப்பூரில். ஆச்சி காலமான பிறகு பீரோவிலிருந்து ஓர் உயில் வெளிவரும். "இது அம்மா கையெழுத்தே இல்லை" என்று ஒருவர் சொல்லிவிட்டால் போதும், வழக்குதான். எழுதியவரைக் கூப்பிட்டுக் கேட்க வழியில்லை. உண்மையான உயில்தான் என்று நிரூபிக்கும் பொறுப்பு, அதைக் காட்டிச் சொத்து கேட்பவருடையது.

அதிகம் சறுக்குவது சாட்சி விஷயத்தில். இந்திய வாரிசுரிமைச் சட்டம் 1925, பிரிவு 63-ன்படி குறைந்தது இரண்டு சாட்சிகள் வேண்டும். எழுதுபவர் கையெழுத்துப் போடுவதை ஒவ்வொரு சாட்சியும் பார்த்திருக்க வேண்டும், அல்லது "இது என் கையெழுத்து" என்று அவரே சொல்லிக் கேட்டிருக்க வேண்டும். சாட்சிகள் கையெழுத்திடுவதும் அவர் முன்னிலையில்தான். நம் ஊரில் என்ன செய்கிறோம்? பத்திரம் எழுதும் இடத்தில் அன்றைக்கு இருப்பவரைச் சாட்சியாகப் போடுகிறோம். இல்லையென்றால் ஐயாவின் வயதுக்காரர் ஒருவரை. பிறகு வழக்கு வரும்போது ஒருவரைத் தேடிப் பிடிக்க முடிவதில்லை, இன்னொருவர் உயிரோடு இல்லை.

சாட்சிகளில் ஒருவராவது உயிருடன், சாட்சி சொல்லும் நிலையில் இருந்தால் அவரைக் கூண்டில் ஏற்றியே ஆக வேண்டும். எதிர்த்தரப்பு வாய் திறந்து மறுக்கவில்லை என்றாலும் உயிலுக்கு விலக்கு கிடையாது. வந்தவர் "நான் கையெழுத்துப் போட்டேன்" என்று மட்டும் சொல்லி இறங்கினால் பத்தாது. அவர் ஒருவர்தான் வருகிறார் என்றால் மற்ற சாட்சி கையெழுத்திட்டதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2002-ல் தெளிவாக்கியது. எனவே எழுதுபவரைவிட வயதில் இளைய, உள்ளூரில் நிலையாக இருக்கிற, சொத்தில் பங்கு வராத ஆளாகப் பாருங்கள். குடும்ப டாக்டர் சம்மதித்தால் மிக நல்லது; எழுதியவர் தெளிவாக இருந்தார் என்பதையும் அவரே சொல்வார்.

"ரிஜிஸ்டர் பண்ணியாச்சு, இனி யாரும் அசைக்க முடியாது" என்பதும் தவறு. உயிலைப் பதிவு செய்வது கட்டாயமில்லை. செய்வது நல்லது, ஆனால் அதனாலேயே சந்தேகம் தீர்ந்துவிடாது. வெங்கடாசல ஐயங்கார் வழக்கில் 1958-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: சந்தேகப்படும்படியான சூழ்நிலை இருந்தால், உயிலைக் காட்டுபவர் அதை முழுமையாக நீக்கியாக வேண்டும். நடுங்கிய கையெழுத்து, தடுமாறிய நினைவு, காரணமில்லாமல் விடப்பட்ட பிள்ளை எல்லாம் அதில் வரும்.

அதிலும் பெரிய சந்தேகம், பெரும்பங்கு வாங்கப்போகிறவரே முன்னின்று எழுதவைப்பது. கூட இருந்து பார்த்துக்கொண்ட மகன்தான் வக்கீலையும் சாட்சியையும் கூட்டி வருவார். அவர் மனதில் கள்ளம் இல்லாமல் இருக்கலாம். கோர்ட் பார்வைக்கு அது முதல் கேள்வி. அவர் அன்றைக்கு ஒதுங்கி இருக்கட்டும்.

மகளுக்கு ஏன் குறைவு என்று உயிலிலேயே நாலு வரி எழுதுங்கள். சீர் செய்தாயிற்று என்பது எல்லோருக்கும் தெரிந்ததுதானே என்று விடாதீர்கள், அதை நீதிபதி அறியமாட்டார்.

அப்புறம், பங்காளிகள் சேர்ந்து வைத்திருக்கும் பூர்வீக வீடு. உயில் எழுத முடிவது தன் பங்கை மட்டும்தான். முழு வீட்டையும் எழுதினால், கையெழுத்து அசலாகவே இருந்தாலும் மற்றவர் பங்கு அவர்களுடையதே. இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2005 திருத்தத்துக்குப் பிறகு கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்கும் மகனுக்குச் சமமான பங்கு உண்டு என்பதையும் கணக்கில் எடுக்க வேண்டும்.

பேனாவால் அடித்துத் திருத்தாதீர்கள். திருத்தத்துக்கும் அதே கையெழுத்து, அதே சாட்சி முறை தேவை; புதிதாக எழுதிவிடுவதே சுலபம். அதே காலத்துப் பேங்க் காகிதங்களைப் பத்திரப்படுத்துங்கள், கையெழுத்தை ஒப்பிட அவைதான் உதவும். பீரோ நம்பிக்கை இல்லையென்றால், மூடி முத்திரையிட்ட உறையில் மாவட்டப் பதிவாளரிடம் உயிலை ஒப்படைத்து வைக்கலாம். பதிவுச் சட்டத்தில் அதற்கு இடம் இருக்கிறது.