மூல ஆவணத்தைப் பாடநூலோடு சேர்த்துப் படிப்பது எப்படி?

முதலில் பாடநூலின் அத்தியாயத்தை ஒரே மூச்சில் படித்துவிடுங்கள். குறிப்பு எடுக்க வேண்டாம்; அது அடித்துச் சொல்லும் மூன்று செய்திகளை மட்டும் எழுதிக்கொண்டு ஆவணத்துக்குப் போங்கள். வரிசையை மாற்றினால் ஆவணத்தில் யார் யார் என்பதே பிடிபடாது.

சென்னையில் இருப்பவர்களுக்கு நல்ல தொடக்கம் 1746. அப்போது ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரர்களும் எதிரெதிர் அணியில் நின்ற ஆஸ்திரிய வாரிசுரிமைப் போரைப் பாடநூல் ஐரோப்பியக் கதையாகவே சொல்லும். சென்னையைப் பிரெஞ்சுக்காரர்கள் பிடித்ததற்கு ஒரு வரி கிடைத்தால் அதிகம். அதே நாள்களை ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பில், தமிழிலேயே படிக்கலாம். படிக்கும்போது ஓரத்தில் 'கண்டது', 'கேட்டது' என்று பிரித்துக் குறியுங்கள். அவர் புதுச்சேரியில் இருந்தவர். சென்னைச் செய்தி பெரும்பாலும் கடிதம் வழியாகவும் ஆள் வழியாகவும் வந்தது. புதுச்சேரியின் பிரெஞ்சு ஆளுநர் டூப்ளேயின் தலைமை துபாஷாக (மொழிபெயர்ப்பாளரும் இடைத்தரகருமாக) அவர் பின்னர் உயர்ந்தவர் என்பதும் நினைவிருக்கட்டும்.

பலரும் சறுக்குவது தேதியில்தான். சென்னையின் புனித ஜார்ஜ் கோட்டை விழுந்தது ஆங்கிலேயர் கணக்கில் செப்டம்பர் 10, பிரெஞ்சுக் கணக்கில் 21. பிரெஞ்சுக்காரர்கள் இன்று நாம் பயன்படுத்தும் கிரிகோரியன் நாட்காட்டிக்கு மாறிவிட்டிருக்க, 1752 வரை ஆங்கிலேயர் பழைய ஜூலியன் நாட்காட்டியில் இருந்ததால் வந்த 11 நாள் வித்தியாசம் இது. இரண்டு தேதியையும் எழுதிவைக்காவிட்டால் ஒரே நிகழ்ச்சி இரண்டாகிவிடும்.

பிறகு பாடநூலுக்குத் திரும்பி, எழுதிவைத்த மூன்றில் எது நிற்கிறது என்று பாருங்கள்.