மாய மையை வைத்துக் கதை எழுதுகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

புதிதாக மிகுபுனைவு (ஃபேன்டசி) எழுத வந்திருக்கும் சிலர் தங்கள் கைப்பிரதிகளைப் படிக்கக் கொடுத்தார்கள். அவற்றில் மூன்றில் மாய மை வருகிறது. மூன்றையும் படிக்கும்போது என் பழைய நோட்டைப் புரட்டுவது போலவே இருந்தது. நான் விழுந்த குழிகளிலேயே அவர்களும் விழுந்திருக்கிறார்கள். ஒற்றுப்பிழை, பாத்திரத்தின் பெயர் பாதியில் மாறுவது போன்றவற்றை இங்கே பேசப்போவதில்லை. இரண்டாம் முறை படித்தால் அவை தாமே கண்ணில் படும்.

மைக்கு என்ன தெரியும் என்று முடிவு செய்யாமல் தொடங்குவது

என் முதல் நாவலில் ஒரு மை உண்டு. அதைத் தொட்டுப் பொய்யை எழுதினால் விடிவதற்குள் எழுத்து மறைந்துவிடும். ஒரு துறைமுக நகரத்தில் கருவூலக் காவலர் கொல்லப்படுகிறார். ஏடு படியெடுக்கும் பெண் ஒருத்தி கொலையாளியைத் தேடுகிறாள். 340 பக்கம் எழுதி நண்பரிடம் கொடுத்தேன். 41ஆம் பக்கத்து ஓரத்தில் பென்சிலால் ஒரே ஒரு கேள்வி எழுதித் திருப்பித் தந்தார்: “சந்தேகப்படும் ஏழு பேர் பெயரையும் எழுதி, பக்கத்தில் ‘இவன்தான் கொன்றான்’ என்று போட்டுவிட்டுத் தூங்கினால் போதாதா?”

போதும். காலையில் ஒரு வரிதான் மிச்சமிருக்கும். அதற்குப் பிறகு 299 பக்கங்களுக்கு வேலையே இல்லை.

முதலில் ஒட்டுப்போடப் பார்த்தேன். மை அரிதானது என்றேன், அரசன் தடை செய்துவிட்டான் என்றேன், குப்பி காலியாகிவிட்டது என்றேன். எதுவும் நிற்கவில்லை. எவ்வளவு அரிய மையாக இருந்தாலும் கருவூலக் காவலரின் கொலைக்கு எடுக்காமல் வேறு எதற்கு எடுப்பார்கள்?

கடைசியில் ஒரே ஒரு விதியை மாற்றினேன். மைக்கு உலகம் தெரியாது. எழுதும் கைக்குரியவரின் மனம் மட்டுமே தெரியும். அவர் உண்மை என்று நம்பி எழுதினால் எழுத்து நிற்கும். உடனே கதைக்கு உயிர் வந்தது. இருட்டில் ஆளை மாற்றிப் பார்த்த கிழவரின் சாட்சியம் காலையிலும் கருகருவென்று நிற்கிறது. நீதிபதி அதை நம்புகிறார். குற்றமற்றவன் சிறைக்குப் போகிறான். ஆனால் இதற்காக நாவலை முதலிலிருந்து எழுத எனக்குப் பதினோரு மாதம் ஆனது.

இப்போது படித்த மூன்றில் இரண்டில் இதே ஓட்டை. ஒன்றில், தொலைந்தவர் இருக்கும் இடத்தைத் தானே வரைந்து காட்டும் மை நாயகனின் இடுப்புக் குப்பியில் நிறைய இருக்கிறது. அவனோ பன்னிரண்டு அத்தியாயம் தம்பியைத் தேடிக் காட்டில் அலைகிறான். சுட்டிக்காட்டியபோது, “வாசகர் அவ்வளவு யோசிக்கமாட்டார்” என்றார் எழுதியவர். எனக்கு இன்னும் ஆறாத கோபம் அந்தப் பதிலின்மீதுதான். மிகுபுனைவு படிப்பவர் அதைத்தான் யோசிக்கிறார். பாதி இன்பமே அதில்தான் இருக்கிறது.

எழுதத் தொடங்கும் முன் மையை நாயகனிடமிருந்து பிடுங்குங்கள். வணிகர், திருடன், வரி தண்டுபவர், கடன் வாங்கியவர், காதலி என்று ஒவ்வொருவர் கையிலும் கொடுத்துப் பாருங்கள். முதல் நாளே அதை வைத்து என்ன செய்வார்கள் என்று ஆளுக்கொரு வரி எழுதுங்கள். அதில் ஒரு வரி உங்கள் கதையை முடித்துவைத்தால் விதியை மாற்ற வேண்டும்.

மையை நிறம் கலந்த தண்ணீராக நினைப்பது

நிஜ மைகளே எத்தனை விசித்திரமானவை! புகைக்கரியில் செய்த மை தாளின் மேலேயே தங்கும்; ஈரம் பட்டால் பெரும்பாலும் கலைந்துவிடும். துவர்ப்புச் சத்தும் அன்னபேதி என்னும் இரும்பு உப்பும் சேர்ந்த மை எழுதும்போது வெளிறித் தெரியும், பிறகு காற்றுப் பட்டுக் கறுக்கும், இழைக்குள் இறங்கிக் காலப்போக்கில் தாளையே அரித்துவிடும். கோபால்ட் குளோரைடு கரைசலில் எழுதியது கண்ணுக்கு எளிதில் தெரியாது. சூடு காட்டினால் நீலமாகும், ஈரத்தை உறிஞ்சியதும் மறுபடி மங்கும். பனையோலையில் எழுத்தாணியால் கீறிய பிறகுதான் கரியைத் தடவுகிறார்கள். அங்கே எழுத்து முதலில், மை பிறகு. இதில் ஏதாவது ஒன்றை எடுத்து ஒரு படி நீட்டினாலே மாயம் கிடைத்துவிடும்.

ஒரு கைப்பிரதியில் நாயகி கடிதத்தை எழுதிய கையோடு நான்காய் மடித்து இடுப்பில் செருகுகிறாள். ஈர மை மறுபக்கம் ஒட்டாதா?

ரத்தம் கலந்த மை

வேண்டாம். வேறு யோசியுங்கள்.

மைக்குப் பெயர் தேடிக்கொண்டே இருப்பது

ஒரு மாலைப்பொழுது போதும்.

மையை விளக்க ஒரு குருவைக் கொண்டுவருவது

என் முதல் வடிவத்தில் வெண்தாடிக்காரர் ஒருவர் மூன்று பக்கம் விளக்குவார். அவரை நீக்கினேன். அந்த இடத்தில் இப்போது ஒரு சிறுவன் இருக்கிறான். ஏட்டறையில் வேலை பழகுபவன், நகக்கண்ணெல்லாம் கறுப்பு. “கை கழுவிவிட்டுத்தான் ஏட்டைத் தொட்டேன்” என்று எழுதித் தரச் சொல்கிறார்கள். எழுதித் தருகிறான். காலையில் தாளில் எழுத்து ஒன்றுகூட இல்லை, ஓரத்தில் அவன் கட்டைவிரல் ரேகை மட்டும் இருக்கிறது.