வீட்டிலேயே பிரேக் பேடு மாற்றுகிறீர்களா? இந்தத் தவறுகளைத் தவிர்த்துவிடுங்கள்

பெங்களூரில் கார் ஓட்டுபவரின் வலது காலுக்கு ஓய்வே கிடையாது. சில்க் போர்டு சந்திப்பைத் தாண்டுவதற்குள் பிரேக்கை எத்தனை முறை மிதித்தோம் என்று யாராலும் கணக்குச் சொல்ல முடியாது. அதற்குப் பிறகும் வேகத்தடைகள், குறுக்கே புகும் இருசக்கர வாகனங்கள், அடுக்ககத்தின் சரிவுப் பாதை என்று பிரேக்குக்கு வேலை இருந்துகொண்டே இருக்கிறது. சக்கரத்தோடு சுழலும் டிஸ்க் என்ற இரும்புத் தட்டை இருபுறமும் அழுத்தி நிறுத்துவது பிரேக் பேடுதான். நெடுஞ்சாலையிலேயே ஓடும் காரில் நீண்ட நாள் உழைக்கும் பேடு, இந்த ஊரில் சீக்கிரமே தேய்ந்து போகிறது.

அதனாலோ என்னவோ, ஞாயிற்றுக்கிழமை காலையில் அடித்தள நிறுத்துமிடத்தில் சக்கரத்தைக் கழற்றி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பவர்களை இப்போது அதிகம் பார்க்கிறேன். மகிழ்ச்சியாக இருக்கிறது. பிரேக் எப்படி வேலை செய்கிறது என்பதை ஒருமுறை கண்ணால் பார்த்துவிட்டவர் அதன் பிறகு அதை அலட்சியப்படுத்துவதில்லை. ஆனால் இந்த வேலை சுலபமாக இருப்பதிலேயே ஓர் ஆபத்தும் இருக்கிறது. பல கார்களின் முன்சக்கரத்தில் இரண்டு போல்ட்டுகளைக் கழற்றினால் பழைய பேடு கையோடு வந்துவிடும். புதியதை நுழைக்கச் சில நிமிடங்கள் போதும். பழைய பேடு ஏன் அப்படித் தேய்ந்தது, அதைச் சுற்றியிருக்கும் பாகங்கள் எந்த நிலையில் இருக்கின்றன என்று பார்ப்பதற்குத்தான் நேரம் வேண்டும். அந்த நேரத்தை மிச்சம் பிடிக்கப் பார்ப்பதில்தான் பெரும்பாலான தவறுகள் தொடங்குகின்றன.

வெளிப்பக்கப் பேடை மட்டும் பார்ப்பது

சக்கரத்தின் இடைவெளி வழியே டார்ச் அடித்துப் பார்த்தால் தெரிவது வெளிப்பக்கப் பேடுதான். எஜிபுராவில் எங்கள் பக்கத்துத் தெருத் தம்பி ஒருவர் அப்படிப் பார்த்துவிட்டு, “பாதிக்கு மேல் மிச்சம் இருக்கிறதே அண்ணா, பிறகு ஏன் இப்படிச் சத்தம் வருகிறது?” என்று கேட்டார். சக்கரத்தைக் கழற்றிப் பார்த்தோம். வெளிப்பேடு அவர் சொன்னபடியேதான் இருந்தது. உட்பக்கப் பேட்டிலோ உராய்வுப் பொருள் முழுவதும் போய், பின்னாலுள்ள இரும்புத் தகடு டிஸ்க்கை நேரடியாக உரசிக்கொண்டிருந்தது. டிஸ்க்கின் உள்முகத்தில் விரல் நகம் சிக்கும் அளவுக்குக் கோடுகள் விழுந்திருந்தன.

இதற்குக் காரணம் பேடு இல்லை. நம் ஊர்ச் சிறிய கார்கள் பெரும்பாலானவற்றில், பிரேக் ஆயிலின் அழுத்தத்தால் வெளியே வரும் பிஸ்டன் உட்பக்கத்தில் மட்டும்தான் இருக்கும். அது உட்பேடை டிஸ்க் மீது அழுத்தும்போது, பிஸ்டனையும் பேடுகளையும் தாங்கும் கேலிப்பர் இரண்டு கைடு பின்களின் (வழிகாட்டும் இரும்புத் தண்டுகளின்) மேல் நகர்ந்து வெளிப்பேடையும் இழுத்து அழுத்த வேண்டும். இந்தப் பின்கள் இறுகிவிட்டால் கேலிப்பர் நகராது. உட்பேடு மட்டும் தனியாகத் தேய்ந்து தீரும். அந்த நிலையில் புதுப் பேடை மட்டும் போட்டு மூடினால், சில மாதங்களில் மறுபடியும் அதே உட்பேடுதான் தேய்ந்து நிற்கும்.

ஆகவே பழைய பேடுகளைக் கழற்றியதும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். இடம், வலம், உள், வெளி என்று வரிசையாகத் தரையில் வைத்து ஒப்பிட்டுப் பாருங்கள். உராய்வுப் பொருளின் கனம் 3 மில்லிமீட்டருக்கு வந்துவிட்டால் மாற்றிவிடுவது நல்லது. நான்கும் ஏறக்குறைய ஒரே கனத்தில் இருந்தால் கேலிப்பர் ஒழுங்காக வேலை செய்திருக்கிறது என்று பொருள். ஒன்று மட்டும் மெலிந்திருந்தாலோ, ஒரே பேடு ஒரு முனையில் தடித்தும் மறுமுனையில் மெலிந்தும் இருந்தாலோ, பின்களைக் கட்டாயம் உருவிப் பார்க்க வேண்டும். நல்ல பின் விரலால் தள்ளினாலே வழுக்கிக்கொண்டு போகும். இறுகிய பின்னை வெளியே இழுத்தால், காய்ந்து பழுப்பேறிய கிரீஸும் சில நேரம் துருவும் அதில் ஒட்டியிருப்பதைப் பார்க்கலாம். பிரேக் கிளீனர் தெளித்துச் சுத்தமாகத் துடைத்துவிட்டு, பிரேக்குக்கென்றே விற்கும் சிலிகோன் கிரீஸை மெல்லிய படலமாகத் தடவ வேண்டும். கையில் கிடைத்த சாதாரண கிரீஸையோ என்ஜின் ஆயிலையோ தடவினால் ரப்பர் உப்பிப்போய்க் கைடு பின் மறுபடியும் இறுகும். பல கார்களில் மேல் பின்னும் கீழ்ப் பின்னும் வேறு வேறு வகை. ஒன்றின் நுனியில் மட்டும் ரப்பர் உறை இருக்கும். இடம் மாற்றிப் போட்டுவிடக் கூடாது.

டிஸ்க்கையும் விட்டுவிடாதீர்கள். அதன் குறைந்தபட்சக் கனம் பெரும்பாலும் டிஸ்க்கிலேயே பொறிக்கப்பட்டிருக்கும். அதற்குக் கீழே போயிருந்தாலோ, ஆழமான கோடுகளோ விரிசலோ இருந்தாலோ, புதுப் பேடு போட்டுப் பயனில்லை. இரண்டு பக்க டிஸ்க்கையும் சேர்த்தே மாற்ற வேண்டும். மழைக்காலத்தில் இரவு நின்ற காரின் டிஸ்க்கில் காலையில் தெரியும் செந்துருவுக்காகக் கவலைப்பட வேண்டாம். நான்கு முறை பிரேக் பிடித்தால் அது போய்விடும்.

பேடு வாங்கும்போது

ஜே.சி. ரோட்டில் உதிரிபாகக் கடைகளுக்குப் பஞ்சமே இல்லை. ஆனால் காரின் பெயரை மட்டும் சொல்லிப் பேடு கேட்பது சரியல்ல. ஒரே காருக்குத் தயாரிப்பு ஆண்டையும் ரகத்தையும் பொறுத்து வெவ்வேறு பேடுகள் வரும். பதிவுச் சான்றிதழில் உள்ள சேஸிஸ் எண்ணைக் காட்டிக் கேளுங்கள். பூட்டுவதற்கு முன் பழைய பேடின் மேல் புதியதை வைத்து, இரண்டின் வடிவமும் பொருந்துகிறதா என்று பாருங்கள். கார் நிறுவனத்தின் அசல் பாகமோ, சென்னையைச் சேர்ந்த ரானே, பிரேக்ஸ் இந்தியா போன்ற அறிந்த தயாரிப்பாளர்களின் பேடோ, எதுவானாலும் பில்லோடு வாங்குங்கள். பெயர் தெரியாத மலிவுப் பேட்டில் என்ன கலந்திருக்கிறது என்று வெளியிலிருந்து பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. பிரேக்கில் சேரும் கரும்பொடியை வாயால் ஊதவோ காற்றடித்துப் பறக்கவிடவோ கூடாது என்பதற்கும் இதுதான் காரணம். பிரேக் கிளீனரால் நனைத்துத் துணியால் துடையுங்கள், முகக்கவசமும் அணிந்துகொள்ளுங்கள்.

ஒரு பக்கம் மட்டும் மாற்றுவதும் தவறு. இரண்டு முன்சக்கரங்களுக்கும் சேர்த்து நான்கு பேடுகளையும் மாற்றாவிட்டால், அவசரமாகப் பிரேக் பிடிக்கும்போது கார் ஒரு பக்கமாக இழுக்கும்.

ஜாக்கியை நம்பி உட்காருவது

காரோடு வரும் ஜாக்கி ஸ்டெப்னி மாற்றுவதற்கானது. அதன் மேல் காரை நிறுத்திவிட்டுச் சக்கர வளைவுக்குள் கையை விட்டு ஒரு மணி நேரம் வேலை பார்ப்பது கூடவே கூடாது. பாரம் தாங்கும் ஜாக்கி ஸ்டாண்டு ஒரு ஜோடி வாங்கி, காரின் கையேட்டில் காட்டியிருக்கும் இடத்தில் கொடுங்கள். கழற்றிய சக்கரத்தையும் காரின் ஓரத்துக்கு அடியில் படுக்கவைத்துவிடுங்கள். அடித்தளத் தரை பார்வைக்குச் சமமாகத் தெரிந்தாலும், தண்ணீர் ஓடுவதற்காகக் கொஞ்சம் சரித்தே போட்டிருப்பார்கள். எனவே ஹேண்ட் பிரேக், முதல் கியர், பின்சக்கரத்துக்குக் கட்டை ஆகிய மூன்றும் வேண்டும். வீல் நட்டுகளைத் தரையில் நிற்கும்போதே சிறிது தளர்த்திக்கொள்ளுங்கள். தூக்கிய பிறகு பலமாகத் திருகினால் கார் ஆடும்.

கேலிப்பரைக் கழற்றும்போது

கேலிப்பரின் பின்புறத்தில் பல போல்ட்டுகள் தெரியும். கழற்ற வேண்டியவை கைடு பின்களைப் பிடித்திருக்கும் போல்ட்டுகள் மட்டும்தான். பிரேக் ஆயில் குழாய் வந்து சேரும் போல்ட்டையோ, அருகிலுள்ள சிறிய நிப்பிளையோ தவறிப்போய்த் தளர்த்திவிட்டால் குழாய்க்குள் காற்று புகுந்துவிடும். அதன் பிறகு பேடு மாற்றுவது மட்டும் போதாது, காற்றை முழுவதும் வெளியேற்றியாக வேண்டும். குழாய் எங்கே சேருகிறது என்று முதலில் கையால் தடவிக் கண்டுபிடித்துவிட்டு ஸ்பேனரை எடுங்கள்.

கழற்றிய கேலிப்பரைக் குழாயில் தொங்கவிடுவது அடுத்த தவறு. ரப்பரின் உட்பகுதியில் ஏற்படும் சேதம் வெளியே தெரியாது. ஒரு கம்பித் துண்டால் சஸ்பென்ஷன் ஸ்பிரிங்கில் கட்டிவிட்டால் போதும்.

புதுப் பேடு தடிமனாக இருப்பதால் பிஸ்டனை உள்ளே தள்ளியாக வேண்டும். ஸ்க்ரூடிரைவரால் நெம்பினால் பிஸ்டனைச் சுற்றியுள்ள ரப்பர் உறை கிழியும். அதன் வழியே தண்ணீரும் தூசியும் புகுந்து பிஸ்டன் துருப்பிடிக்கும். பழைய பேடைப் பிஸ்டன் மேல் வைத்து, சி கிளாம்பால் மெதுவாக அழுத்துங்கள். அதற்கு முன்பே பானெட்டைத் திறந்து பிரேக் ஆயில் டப்பாவின் மூடியைத் தளர்த்தி, அளவைப் பார்த்துக்கொள்ள வேண்டும். பேடு தேயத் தேய டப்பாவில் ஆயில் இறங்குவது இயல்பு. அதைப் பார்த்துவிட்டு இடையில் யாராவது ஆயில் ஊற்றி நிரப்பியிருந்தால், பிஸ்டனைத் தள்ளும்போது அது பொங்கி வழியும். பிரேக் ஆயில் பட்ட இடத்தில் காரின் பெயின்ட் உரிந்துவிடும். கூடுதலாக இருந்தால் சிரிஞ்சால் உறிஞ்சி எடுத்துவிடுங்கள். மேலே பட்டுவிட்டால் உடனே தண்ணீர் ஊற்றிக் கழுவுங்கள்.

பின்சக்கரத்திலும் டிஸ்க் உள்ள கார்களில் கூடுதல் எச்சரிக்கை வேண்டும். சிலவற்றில் பிஸ்டனைத் திருகிக்கொண்டேதான் உள்ளே செலுத்த முடியும். வெறுமனே அழுத்தினால் உடைந்துவிடும். பொத்தானை அழுத்தி இயக்கும் எலெக்ட்ரானிக் ஹேண்ட் பிரேக் இருந்தால், அதைப் பழுதுபார்ப்பு நிலைக்கு மாற்றாமல் தொடவே கூடாது. அதற்கான கருவி இல்லாதவர்கள் அந்த வேலையைப் பட்டறைக்கு விட்டுவிடுவதே சரி.

பூட்டும்போது கவனிக்க வேண்டியவை குறைவுதான். சத்தம் எழுப்பி எச்சரிக்கும் சிறிய இரும்பு நாக்கு உள்ள பேடு, பழையது எந்தப் பக்கம் இருந்ததோ அதே பக்கம் போக வேண்டும். பேடு உட்காரும் கிளிப்புகளின் அடியில் உள்ள துருவைக் கம்பி பிரஷ்ஷால் தேய்த்து எடுங்கள். பேடின் உராயும் முகத்திலும் டிஸ்க்கிலும் கிரீஸ் ஒரு துளிகூடப் படக் கூடாது. பட்டுவிட்ட டிஸ்க்கைப் பிரேக் கிளீனரால் துடைத்துவிடலாம். ஊறிவிட்ட பேடை மாற்றத்தான் வேண்டும். போல்ட்டுகளையும் வீல் நட்டுகளையும் கையேட்டில் சொன்ன அளவுக்கு, முறுக்கும் விசையை அளந்து காட்டும் டார்க் ரெஞ்சால் முறுக்குங்கள். வீல் நட்டுகளை வட்டமாக வரிசைப்படி முறுக்காமல், எதிரெதிராக மாறி மாறி முறுக்க வேண்டும்.

பெடலை மிதிக்காமல் காரை நகர்த்துவது

மேலே சொன்னவற்றில் ஏதேனும் ஒன்றை மறந்தால் பெரும்பாலும் பணச் செலவோடு போய்விடும். இதை மறந்தால் உயிருக்கே ஆபத்து.

பிஸ்டனை நாம் உள்ளே தள்ளி வைத்திருக்கிறோம். பேடுக்கும் பிஸ்டனுக்கும் நடுவே இப்போது இடைவெளி இருக்கிறது. அந்த நிலையில் முதல்முறை பெடலை மிதித்தால் எந்த எதிர்ப்பும் இல்லாமல் தரைவரை போகும், பிரேக் பிடிக்காது. இரண்டாவது, மூன்றாவது மிதியில்தான் பிஸ்டன் வெளியே வந்து பேடைத் தொடும். வேலை முடிந்த திருப்தியில் காரை எடுத்து, தூணுக்கு நான்கடி முன்னால்தான் முதல் பிரேக் பிடிக்கிறோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். குழந்தைகள் சைக்கிள் ஓட்டும் அடித்தளம் அது.

எனவே என்ஜினை இயக்குவதற்கு முன்பே, பெடலைப் பாதி தூரம் வரை மெதுவாகப் பலமுறை மிதியுங்கள். பழைய காரில் ஒரேயடியாகத் தரைவரை மிதித்தால், பெடலின் மிதியை ஆயில் அழுத்தமாக மாற்றும் மாஸ்டர் சிலிண்டருக்குள் உள்ள ரப்பர் சீல், வழக்கமாகப் போகாத துருப்பகுதியில் உரசிச் சேதமாகலாம். பெடல் கல்போல இறுகியதும் என்ஜினை இயக்கி, காலை ஒரு நிமிடம் அழுத்தியே வையுங்கள். என்ஜின் இயங்கத் தொடங்கும்போது பெடல் சிறிது இறங்குவது சரிதான். தொடர்ந்து இறங்கிக்கொண்டே போனால் ஆயில் கசிகிறதா என்று பாருங்கள். டப்பாவில் அளவைச் சரிபார்த்து மூடியை இறுக்குங்கள். பிறகு நடக்கும் வேகத்தில் முன்னும் பின்னும் நகர்த்தி, ஒவ்வொரு முறையும் நிறுத்திப் பாருங்கள். பெடல் பஞ்சுபோல அமுங்கினால் சரிவுப் பாதையில் ஏறவே வேண்டாம். மெக்கானிக்கை வீட்டுக்கு வரச் சொல்லுங்கள்.

ஊருக்குப் புறப்படும் முந்தின இரவில் மாற்றுவது

பொங்கலுக்கோ தீபாவளிக்கோ ஊருக்குப் போகும் அவசரத்தில், புறப்படும் நாளுக்கு முந்தின இரவு பேடு மாற்றுபவர்கள் நம்மவர்களில் நிறைய உண்டு. புதுப் பேடு டிஸ்க்கோடு முழுமையாக ஒட்டிப் பழகும்வரை அதன் பிடிப்பு குறைவாகவே இருக்கும். மறுநாள் காலையில் ஓசூர், கிருஷ்ணகிரி, தருமபுரி தாண்டித் தொப்பூர் கணவாயில் இறங்க வேண்டும்; நீண்ட இறக்கம், முன்னும் பின்னும் லாரிகள். பழகாத பேட்டைச் சோதித்துப் பார்க்கும் இடம் அதுவல்ல. பயணத்துக்கு ஒரு வாரம் முன்பே மாற்றிவிடுங்கள்.

பழக்கும் முறையைப் பேடு தயாரிப்பாளர் பெட்டியிலேயே அச்சிட்டிருந்தால் அதன்படி செய்யுங்கள். இல்லையென்றால், அதிகாலையில் காலியாகக் கிடக்கும் சாலையில் பின்னால் வண்டி வரவில்லை என்று பார்த்துக்கொண்டு, மணிக்கு 50 கிலோமீட்டரிலிருந்து 10 வரை மிதமான அழுத்தத்தில் வேகத்தைக் குறையுங்கள். முழுவதும் நிறுத்த வேண்டாம். அரை நிமிடம் ஓடவிட்டு மறுபடியும் அதேபோல் எட்டு, பத்து முறை செய்தால் போதும். பிறகு பிரேக்கை அதிகம் தொடாமல் சிறிது தூரம் ஓட்டி ஆறவிடுங்கள். முதல் 300 கிலோமீட்டருக்கு, தவிர்க்க முடியாத நேரம் தவிர, கடுமையாகப் பிரேக் பிடிக்காதீர்கள்.

மலை இறக்கம் என்றால் பேடைவிடப் பிரேக் ஆயிலைப் பற்றித்தான் நான் அதிகம் கவலைப்படுவேன். டாட் 3, டாட் 4 வகை ஆயில்கள் காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சிக்கொண்டே இருக்கும். டாட் 4 ஆயில் புதிதாக இருக்கும்போது குறைந்தது 230 டிகிரி செல்சியஸ் வரை கொதிக்காது. ஈரம் ஏறியபின் அந்த எல்லை 155 டிகிரிவரை இறங்கிவிடலாம். தொடர்ந்து பிரேக் பிடித்து இறங்கும்போது ஆயில் கொதித்து ஆவியானால், பெடலை மிதித்தாலும் அழுத்தம் சக்கரத்துக்குப் போய்ச் சேராது. இரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை ஆயிலை மாற்றச் சொல்வது இதற்காகத்தான். தொப்பூரானாலும், சத்தியமங்கலம் வழியில் திம்பத்தின் 27 கொண்டை ஊசி வளைவுகளானாலும், கீழ் கியரில் இறங்கினால் பிரேக்கின் பாரம் பெருமளவு குறையும்.

மாற்றிய பிறகு முதல் 100 கிலோமீட்டருக்குள் வீல் நட்டுகளை மறுபடியும் டார்க் ரெஞ்சால் சரிபாருங்கள். ஒருமுறை ஓட்டி வந்ததும் ஒவ்வொரு சக்கரத்தின் அருகிலும், தொடாமல், புறங்கையைக் கொண்டுபோய்ப் பாருங்கள். இரண்டு முன்சக்கரங்களில் ஒன்று மட்டும் அனலாகக் கொதித்தால், அந்தப் பக்கத்துக் கைடு பின்னோ பிஸ்டனோ இறுகி, பேடு டிஸ்க்கை விடாமல் உரசிக்கொண்டிருக்கிறது. கார் ஆறியதும் அந்தச் சக்கரத்தை மறுபடியும் கழற்றிப் பாருங்கள்.