பழைய சீனப் படங்களைப் பற்றி எழுதுபவர்கள் சறுக்கும் இடங்கள்

எங்கள் திரைப்பட வட்டத்துக்குப் புதிதாக வருபவர்கள் 1930களின் ஷாங்காய் படங்களைப் பற்றி எழுதித் தருவதை நான்தான் திருத்துகிறேன். ஒரு காலத்தில் நான் செய்த தவறுகளையே அச்சுப் பிசகாமல் செய்கிறார்கள். பெயர்களைத் தப்பாக எழுதுவதையெல்லாம் விடுங்கள், போகப் போகச் சரியாகிவிடும்.

சீபாவ் என்றால் மரபு, கோட்டு என்றால் நவீனம்

சீனப் பெண்கள் போடும் சீபாவ் என்ற நீள உடுப்பைக் கண்டால் மரபு, கோட்டைக் கண்டால் நவீனம் என்று எழுதிவிடுவது: இன்னும் எனக்கு எரிச்சல் வருவது இதில்தான். வூ யோங்காங் 1934இல் எடுத்த 'ஷென்நூ'வில், மகனை வளர்க்க இரவில் தெருவில் நிற்கும் தாயாக ருவான் லிங்யூ வருவார். தொடக்கத்திலேயே அவர் அறைச் சுவரில் தொங்கும் சீபாவ்களைக் கேமரா காட்டும். அதைப் பார்த்துவிட்டு "மரபின் சுமை" என்று இரண்டு பக்கம் எழுதி, திரையிடலுக்காக 500 பிரதி அச்சடித்தும் விட்டேன். படம் முடிந்ததும் பின்வரிசையில் ஒரு அம்மா எழுந்து, "தம்பி, அந்தப் படம் வந்தப்போ அந்த உடுப்பே புதுசுதானே?" என்றார்.

புதுசுதான். நாம் திரையில் பார்க்கும் சீபாவ் 1920களில் நகரத்துப் பெண்களிடமும் மாணவிகளிடமும் பரவிய நாகரிகம். அரசு அதைப் பெண்களின் முறையான உடையாக்கியதே 1929இல்தான். படத்தில் அது அவள் தொழிலுக்குப் போடும் உடுப்பு, ஷாங்காயின் விளக்கு வெளிச்சத்துக்கானது. இன்னொன்றும் உண்டு: மற்ற பெற்றோரின் புகாரால் மகனைப் பள்ளியிலிருந்து நீக்கும்போது, அவனுக்காக வாதாடித் தோற்று வேலையை விட்டுப் போகிறவர் வயதான தலைமையாசிரியர். அவரை மரபு, நவீனம் இரண்டில் எந்தப் பக்கத்தில் சேர்ப்பது? அந்த 500 பிரதியையும் கிழித்துப் போட்டு என் காசில் மறுபடி அடித்தேன்.

ஆனால் ஃபெய் மூவின் 1948 படமான 'சிறு நகரத்தில் வசந்தம்' வேறு. நீள அங்கி போட்ட நோயாளிக் கணவன், கோட்டுப் போட்ட மருத்துவ நண்பன் என்று அங்கே ஆண்களின் உடை உண்மையிலேயே பேசுகிறது. அதைப் பார்த்துப் பழகித்தான் இங்கே மாட்டிக்கொள்கிறோம்.

'ஷென்நூ'வைத் 'தேவதை' என்று முடித்துவிடுவது

தெய்வப்பெண் என்றும் பொருள், விலைமகள் என்றும் பொருள். பாதியை விட்டால் படமே போச்சு.

வாள்வீச்சுப் படமெல்லாம் பழம்பஞ்சாங்கம்

'செந்தாமரைக் கோயில் எரிப்பு' 1928 முதல் 1931 வரை 18 பாகம் ஓடியது. கதை பழசு, ஆளைப் பறக்கவிட்ட தந்திரக்காட்சி புதுசு. மூடநம்பிக்கை என்று தடை போட்டது நவீனம் பேசிய அரசு.

1905இல் வந்த, சீனாவின் முதல் படம் எனப்படுவதை வருணிப்பது

'திங்ஜுன் மலை'யின் பிரதி மிச்சமில்லை. போன மாதம்கூட ஒருவர் எழுதியிருந்தார், ஒளிப்பதிவு அருமையாம்.