பழைய பாடநூல்களில் அறத்தைத் தேடிப் படிக்கும் முறை

பரணிலிருந்து ஒரு பழைய பாலபாடமோ அரிச்சுவடியோ கிடைத்தால், பெரும்பாலோர் அதிலுள்ள நான்கு நீதி வரிகளைப் படித்துவிட்டு, ‘அந்தக் காலத்தில் எவ்வளவு நல்லொழுக்கம் கற்பித்தார்கள்’ என்று வியக்கிறார்கள். வேறு சிலர் ஒரே ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு ‘எல்லாமே பிற்போக்கு’ என்று மூடி வைத்துவிடுகிறார்கள். இரண்டுமே அவசரத்தால் வரும் முடிவுகள்தான். அந்த நூல்கள் பிள்ளைகளுக்கு எவற்றை மதிப்புடையவையாகக் காட்டின என்று அறிய விரும்புவோர் அவற்றைப் படிக்கவேண்டிய முறையை, தமிழ்நாட்டிலும் யாழ்ப்பாணத்திலும் வழங்கிய சில நூல்களைக் கொண்டே இங்கே விளக்குகிறேன்.

முதலில் கையிலிருக்கும் படியின் காலத்தை உறுதிசெய்துகொள்ள வேண்டும். பழைய அச்சு நூல்கள் பலவற்றின் முகப்பில் தமிழ் ஆண்டின் பெயர் மட்டுமே இருக்கும். அறுபது ஆண்டுக்கு ஒருமுறை அதே பெயர் திரும்ப வருவதால், ‘சாதாரண வருஷம்’ என்றிருந்தால் அது 1850ஆகவும் இருக்கலாம், 1910ஆகவும் இருக்கலாம். அத்தகைய இடத்தில் அச்சகத்தின் பெயர், பதிப்பு எண், விலை, பள்ளிகளுக்கு ஏற்கப்பட்டது என்னும் குறிப்பு ஆகியவற்றைச் சேர்த்துப் பார்த்தே முடிவு செய்ய வேண்டும். ஜான் மர்டாக் 1865இல் வெளியிட்ட தமிழ் அச்சு நூல்களின் பட்டியலும், 1867ஆம் ஆண்டின் நூல் பதிவுச் சட்டத்தின்படி காலாண்டுதோறும் அரசு வெளியிட்ட பட்டியல்களும் இதற்குப் பெரிதும் உதவும். பின்னவற்றில் அச்சிட்ட படிகளின் எண்ணிக்கையும் விலையும் இருப்பதால், ஒரு நூல் எத்தனை பிள்ளைகளின் கைக்குப் போயிருக்கக்கூடும் என்பதையும் ஓரளவு ஊகிக்கலாம். நூலின் படி கையில் இல்லாதவர்கள் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்திலும், சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்திலும், ஈழத்து நூல்களுக்கு நூலகம் இணையத்தளத்திலும் தேடலாம்.

அடுத்து, நூலின் வடிவம் அதன் கருத்தை எந்த அளவுக்குக் கட்டுப்படுத்தியிருக்கிறது என்று பார்க்க வேண்டும். பலர் தவறவிடும் இடம் இதுதான் என்பதால் இதைச் சற்று விரித்துச் சொல்கிறேன். ஆத்திசூடியின் வரிசை அறத்தின் வரிசையன்று, எழுத்தின் வரிசை. எழுத்துகளை மனத்தில் பதியவைப்பதும் அதன் வேலையாக இருந்ததால், ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரு வரி வேண்டியிருந்தது. ‘நயம்’ என்னும் சொல் ‘ஞயம்பட உரை’ என்று உருமாறி வந்தது ஞகரத்துக்காகவே. லகரமும் ளகரமும் தமிழ்ச் சொல்லுக்கு முதலில் வாரா என்பதால், அவை இரண்டாம் எழுத்தாக வரும்படி ‘இலவம் பஞ்சில் துயில்’, ‘இளமையில் கல்’ என்று அமைத்தார்கள். ஆகவே பஞ்சு மெத்தை முன்னாலும் கல்வி பின்னாலும் வருவதைக் கொண்டு ஔவையின் நோக்கத்தை அளக்க முயன்றால் நகைப்புக்கே இடமாகும். ஙகரத்துக்கோ எளிதில் சொல்லே கிடைக்காது. அதனால் அந்த எழுத்தையே உவமையாக்கி ‘ஙப்போல் வளை’ என்று எழுதினார்கள். பிற்காலத்து உரைகாரர்கள் அதற்குச் சொன்ன பொருள் இன்னும் சுவையானது: ஙகரம் பயனில்லாத ஙா முதலிய தன் வருக்க எழுத்துகளையும் தழுவிக்கொண்டிருப்பதுபோல நீயும் உன் சுற்றத்தாரைத் தழுவிக்கொள் என்கிறார்கள். எழுத்து நெருக்கடியில் பிறந்த ஒரு வரியிலிருந்து குடும்பக் கடமை ஒன்று எழுந்துவிட்டது.

வடிவத்தின் கட்டாயம் எது, ஆசிரியரின் தேர்வு எது என்று பிரித்தறிய ஒரு நல்ல வழி, அதே கட்டாயத்துக்கு உட்பட்ட இன்னொரு நூலை அருகில் வைத்துப் பார்ப்பது. பாரதியார் 1914இல் வெளியிட்ட புதிய ஆத்திசூடி இதற்கென்றே அமைந்ததுபோல இருக்கிறது. ‘போ’ என்னும் எழுத்துக்கு ஔவை ‘போர்த்தொழில் புரியேல்’ என்றார். பாரதி ‘போர்த்தொழில் பழகு’ என்றார். ‘தொ’வுக்கு முன்னவர் ‘தொன்மை மறவேல்’ என்க, பின்னவர் ‘தொன்மைக்கு அஞ்சேல்’ என்றார். ‘தை’க்கு அங்கே ‘தையல்சொல் கேளேல்’ (தையல் என்றால் பெண்); இங்கே ‘தையலை உயர்வு செய்’. எழுத்தும் ஒன்று, முதற்சொல்லும் ஒன்று. ஆகவே மாறியிருப்பது முழுக்க முழுக்க மதிப்பீடு மட்டுமே. இவ்வாறு ஒரு தாளை இரண்டாக மடித்து இரண்டு நூல்களையும் எதிரெதிரே எழுதிப் பார்த்தால், எந்தக் கட்டுரையும் தராத தெளிவு ஒரு மாலைப்பொழுதில் கிடைத்துவிடும்.

மூன்றாவதாக, நூல் யாரை முன்னால் நிறுத்திப் பேசுகிறது என்று கேட்க வேண்டும். சென்னை மாகாண ஆளுநர் தாமஸ் மன்றோ 1822இல் தொடங்கிய விசாரணையில் மாகாணம் முழுவதும் 12,498 உள்ளூர்ப் பள்ளிகளும் அவற்றில் 1,88,650 மாணவர்களும் இருப்பதாகக் கணக்கு வந்தது. அவர்களுள் சிறுமியர் 4,540 பேர் மட்டுமே. தெலுங்கு, கன்னடம், மலையாளம் பேசும் மாவட்டங்களும் அடங்கிய கணக்கு அது என்றாலும், திண்ணையில் அமர்ந்து மணலில் எழுதியவர்கள் பெரும்பாலும் சிறுவர்களே என்பதை அது காட்டுகிறது. ‘தையல்சொல் கேளேல்’ என்பதும், கொன்றைவேந்தனில் வரும் ‘உண்டி சுருங்குதல் பெண்டிற்கு அழகு’ என்பதும் ஆண்பிள்ளையைப் பார்த்துச் சொன்னவை. கேட்பவர் மாறும்போது இலக்கணமும் மாறுவதைக் கவனியுங்கள்: பாரதியின் பாப்பா பாட்டில் ‘சாதிகள் இல்லையடி பாப்பா’ என்று ‘அடி’ சேர்ந்து வருவதால், முன்னே நிற்பது சிறுமி என்பது எவரும் விளக்காமலே புரிகிறது. வேதநாயகம் பிள்ளையின் பெண்மதி மாலை (1869) போன்ற, பெண்களுக்கென்றே எழுதிய நூல்களை இந்தக் கேள்வியோடு தனியே படிக்க வேண்டும்.

நான்காவதாக, மூலத்தையும் உரையையும் ஒன்றாகக் கலந்து படிக்கக் கூடாது. மேலே கண்ட ‘தையல்சொல் கேளேல்’ வரிக்கு, ‘ஆராயாமல் கேட்டு நடவாதே’ என்று பொருள் சொல்லும் உரைகள் உண்டு. ‘ஆராயாமல்’ என்னும் சொல் மூலத்தில் இல்லை. உரை எழுதியவரின் காலத்துக் கூச்சம் அதைச் சேர்த்திருக்கிறது என்பது என் கணிப்பு. எனவே மூலத்தின் காலத்தையும் உரையின் காலத்தையும் தனித்தனியே குறித்துக்கொண்டு, உரை கூட்டியது எது, குறைத்தது எது என்று எழுதிவைக்க வேண்டும்.

கதைகளுக்கு வேறு கவனம் வேண்டும். தாண்டவராய முதலியார் மராத்தியிலிருந்து மொழிபெயர்த்த பஞ்சதந்திரக் கதை 1826இல் அச்சாகி, பின்னர் பள்ளிகளிலும் பாடமாக வழங்கியது. பஞ்சதந்திரத்தின் முதற்பகுதியாகிய மித்திரபேதத்தில், சிங்கத்துக்கும் எருதுக்கும் இடையே பகை மூட்டிய நரி தண்டனை ஏதும் பெறுவதில்லை. அரபு மொழிக்குச் சென்றபோதுதான் அந்த நரியை விசாரித்துக் கொல்லும் ஓர் இயல் கூடுதலாகச் சேர்ந்தது. அரசகுமாரர்களுக்கு உலக நடப்பைச் சொல்ல எழுந்த நூலாகையால், அது தந்திரத்தைக் கற்பிக்கத் தயங்கவில்லை. ஆகவே உங்கள் கையிலிருக்கும் பள்ளிச் சுருக்கத்தில் கதை எங்கே முடிகிறது, முடிவில் ‘ஆகையால் பிள்ளைகளே’ என்னும் வாக்கியம் தொங்குகிறதா, அந்த வாக்கியத்துக்கும் கதைக்கும் உண்மையில் பொருத்தம் உண்டா என்று பாருங்கள். பல சமயங்களில் கதை ஒன்றைச் சொல்லும், நீதி வேறொன்றைச் சொல்லும். பிள்ளைகளின் நினைவில் நின்றது கதையாகத்தான் இருக்கும்.

ஒரு நூலின் ஒரு வரியை மட்டும் மேற்கோளாக எடுக்கும் பழக்கத்தையும் விட்டுவிட வேண்டும். அதிவீரராம பாண்டியரின் வெற்றிவேற்கை ‘எழுத்தறிவித்தவன் இறைவன் ஆகும்’ என்று தொடங்கி, வேதியர்க்கு அழகு, மன்னவர்க்கு அழகு, வணிகர்க்கு அழகு என்று பிறப்பை ஒட்டிய தொழில்களை வரிசையாக வகுக்கிறது. அதே நூல், மேற்குலத்தில் பிறந்தவனும் கல்லாதவனாயின் கீழே இருக்கவேண்டியவனே என்றும், எக்குடியில் பிறந்தாலும் கற்றவனை ‘மேல்வருக’ என்று அழைப்பார்கள் என்றும் சொல்கிறது. இவற்றுள் ஒன்றை மட்டும் எடுத்துக்காட்டினால் நூலைப் பாதியாகக் கிழித்ததாகும். குலப்பிரிவை ஏற்றுக்கொண்டே கல்வியை அதற்கு மேலே வைக்கும் இந்த இழுபறிதான் அந்த நூல் பிள்ளைக்குக் கொடுத்த உலகம்.

பின்னர், அந்நூல் எதற்கு எதிராக எழுதப்பட்டது என்று தேட வேண்டும். ஆறுமுக நாவலர் யாழ்ப்பாணத்தில் மிஷன் பள்ளியில் பயின்றவர். பீற்றர் பெர்சிவல் பாதிரியாருடன் விவிலிய மொழிபெயர்ப்பில் உழைத்தவர். 1848இல் வண்ணார்பண்ணையில் சைவப் பள்ளி தொடங்கி, பிறகு அச்சகமும் நிறுவி, பாலபாடங்களை வெளியிட்டபோது, மிஷன் நூல்களிடமிருந்தே படிநிலையான பாடம், எளிய உரைநடை, நிறுத்தற்குறி, வினாவிடை ஆகியவற்றை எடுத்துக்கொண்டார். வடிவம் அவர்களுடையது, உள்ளடக்கம் சைவம். நான்காம் பாலபாடத்தில் கடவுள், கொலை, புலாலுண்ணல், கள்ளுண்ணல், கல்வி என்று செல்லும் கட்டுரைகளை, அதே காலத்து மிஷன் பாடநூல் ஒன்றின் பொருளடக்கத்தோடு ஒப்பிட்டால், இரண்டும் பொய்யையும் களவையும் ஒரே குரலில் கண்டிப்பதும், புலால் போன்ற இடங்களில் பிரிவதும் தெரியும். பிரியும் இடத்தில்தான் நாவலரின் கை இருக்கிறது.

நீதி என்று பெயரிடாத பக்கங்களையும் தள்ளிவிடாதீர்கள். எண்சுவடியில் மா, காணி, முந்திரி என்னும் பின்ன எண்கள் மனப்பாடமானது நிலத்தையும் நெல்லையும் கூலியையும் அளப்பதற்காக. பிற்காலத்துக் கணக்குப் புத்தகங்களில் யார் கடன் கொடுக்கிறார், யார் வட்டி கட்டுகிறார், யார் வேலைக்கு ஆள் வைக்கிறார் என்று ஒரு பட்டியல் போட்டுப் பாருங்கள். இலக்கணப் பாடத்தின் எடுத்துக்காட்டு வாக்கியங்களில் அம்மா செய்யும் வேலை, அப்பா செய்யும் வேலை, பெயரில்லாமல் ‘வேலைக்காரன்’ என்று மட்டும் வருபவர் ஆகியோரையும் அதே தாளில் குறியுங்கள். இங்கே ஆசிரியர் அறம் சொல்ல முனையவில்லை என்பதால், அவர் இயல்பென்று கருதியது மறைவின்றி வெளிப்படும்.

இறுதியாக, அந்தப் படியைத் துடைத்துச் சுத்தமாக்கிவிடாதீர்கள். ஓரத்தில் பென்சிலால் கிறுக்கிய பெயர், எந்த வரிக்கு மேல் ஆசிரியர் தேதி போட்டிருக்கிறார், எந்தப் பக்கம் விரல் பட்டுப்பட்டுக் கறுத்திருக்கிறது, எந்தப் பக்கத்துக்கு மேல் மடிப்பே விழவில்லை என்பவற்றையெல்லாம் படம் எடுத்து வையுங்கள். பாதிக்கு மேல் புதிதாகவே இருக்கும் புத்தகங்கள் பல. அவற்றில் நீங்கள் கண்டெடுத்த உயர்ந்த நீதி பின்பாதியில் இருந்தால், அந்தப் பிள்ளை அதுவரை வந்திருக்கவே மாட்டான்.