தி லியோவின் மூன்று படங்கள்: டர்பன் வீடுகளில் பார்ப்பதற்கு

இத்தாலியக் குற்றப்படங்கள் எடுத்த ஃபெர்னாந்தோ தி லியோ (1932–2003) முதலில் எழுத்தாளர், பிறகுதான் இயக்குநர். செர்ஜியோ லியோனேயின் ‘டாலர்’ வரிசை கௌபாய் படங்களில் முதல் இரண்டின் திரைக்கதையிலும், திரையில் பெயர் வராமலே, வேலை செய்தவர். துப்பாக்கிச் சண்டையை மட்டும் எதிர்பார்த்து உட்கார்ந்தால் இவர் படம் இழுவையாகத்தான் தெரியும்.

‘மிலானோ காலிப்ரோ 9’ (1972), ‘லா மாலா ஓர்தினா’ (1972), ‘இல் பாஸ்’ (1973) மூன்றையும் வந்த வரிசையிலேயே பாருங்கள். கதை தொடராது. ஆனால் மிலான் தெரு ரவுடியில் ஆரம்பித்து, பலெர்மோ மாஃபியாவுக்கும் அரசியலுக்கும் உள்ள உறவில் போய் நிற்கும். ஒரே ராத்திரியில் மூன்றும் வேண்டாம்.

வெளிநாட்டிலிருந்து டிஸ்க் வரவழைக்கும்முன் மண்டலக் குறியை, அதாவது எந்த நாட்டு பிளேயரில் ஓடும் என்ற குறியை, பாருங்கள். தென்னாப்பிரிக்காவுக்கு டிவிடி என்றால் 2, ப்ளூ-ரே என்றால் பி. ஏ மண்டலத்துக்குப் பூட்டிய அமெரிக்க ப்ளூ-ரே இங்கே வாங்கிய பிளேயரில் ஓடாது.

100 நிமிடப் படம் பால் (PAL) முறை டிவிடியில் 96 நிமிடத்தில் முடிந்தால் வெட்டிவிட்டார்கள் என்று பதற வேண்டாம். நொடிக்கு 24 சட்டகம் (ஃப்ரேம்) ஓட வேண்டியது 25 ஓடுகிறது, அவ்வளவுதான். தனியாக இறக்கிய சப்டைட்டில் மணிக்கு இரண்டரை நிமிடம்போல விலகிக்கொண்டே போவதற்கும் பெரும்பாலும் இதுதான் காரணம். தொடக்கத்தை மட்டும் நகர்த்திச் சரிசெய்தால் பத்து நிமிடத்தில் மறுபடி கெடும். சப்டைட்டிலின் சட்டக வேகத்தையே மாற்றுங்கள்.

உதட்டசைவு ஒட்டாததற்கு மருந்தில்லை. அக்கால இத்தாலியப் படங்களில் குரல் பின்னால் சேர்த்ததுதான். நடிகர்களும் பல நாட்டுக்காரர்கள். இத்தாலியக் குரலை வைத்து, ஆங்கில சப்டைட்டிலில் பாருங்கள்.

முதல் படத்தின் தொடக்கத்தில் மிலானில் ஒரு பொட்டலம் கைமாறிக்கொண்டே போகும். இசையமைப்பாளர் லூயிஸ் பகாலோவ், ஒசான்னா ராக் குழு இவர்களின் இசை மேலே ஏற, பொட்டலத்தைப் பிரித்தால் உள்ளே பணமில்லை, வெறும் காகிதம். அங்கே கைபேசியை எடுத்தவருக்குப் பிறகு எதுவும் புரியாது. நடுவில் இரண்டு போலீஸ் அதிகாரிகள் அரசியல் வாதம் செய்வார்கள். ஓட்டிவிடக் கை துறுதுறுக்கும். ஓட்டாதீர்கள், எழுத்தாளர் தி லியோ அங்கேதான் இருக்கிறார்.

ரொட்டியைக் குடைந்து குழம்பு ஊற்றிய பன்னி சௌ இடைவேளையில் இருக்கட்டும். வழியும் குழம்பும் சப்டைட்டிலும் ஒத்துவராது. சின்னப் பிள்ளைகள் தூங்கிய பிறகு போடுங்கள்: இரண்டாம் படத்தில் ஒரு தாயும் மகளும் வண்டியில் அடிபடுவது பெரியவர்களையே உலுக்கும். டர்பனின் சாட்ஸ்வொர்த் பகுதியில் மண்டபம் பிடித்து ஊருக்குக் காட்டுவதானால் வீட்டு டிஸ்க் போதாது. உரிமையாளரிடம் திரையிட அனுமதி வாங்க வேண்டும்.