சுமாக் நடுகிறீர்களா? முதலில் இடத்தைப் பாருங்கள்

ஒக்டோபரில் ஒன்ராறியோ நெடுஞ்சாலைகளின் ஓரத்தில் ஆரஞ்சும் கடுஞ்சிவப்புமாகக் கூட்டங்கூட்டமாக நிற்கும் புதர்களில் பெரும்பாலானவை ஸ்டாக்ஹோர்ன் சுமாக். வட அமெரிக்காவின் கிழக்குப் பகுதிதான் அதன் சொந்த மண். கழித்தல் 35 பாகைக் குளிரையும் தாங்கும். சரளை மண்ணிலும் வளரும். கோடையில் நீண்ட இறகிலைகள், இலை கொட்டிய பிறகும் கிளை நுனியில் நிமிர்ந்து நிற்கும் சிவப்புக் காய்க்கொத்துகள், மெத்தென்ற மயிர் படர்ந்த இளங்கிளைகள் என்று வருடம் முழுக்கப் பார்க்க ஏதாவது இருக்கும். இப்படிப்பட்ட செடியை ஆசையாக நட்டுவிட்டு, நாலைந்து வருடத்தில் வெறுத்துப்போய்ப் பிடுங்குகிறார்கள். பார்க்க வருத்தமாக இருக்கிறது. குற்றம் செடியில் இல்லை, நட்ட இடத்தில்.

இதை ஒற்றைச் செடியாக நினைப்பதுதான் எல்லாவற்றுக்கும் மேலான தவறு. காட்டில் ஒரு விதையில் தொடங்கும் சுமாக் சில வருடங்களில் ஒரு தோப்பாகிவிடும். வாழைக் குட்டி தாயின் காலடியிலேயே முளைக்கும். சுமாக்கின் குட்டியோ தாயிலிருந்து பல மீற்றர் தள்ளி, புல்தரையின் நடுவிலும் பக்கத்து வீட்டுப் பூப்பாத்தியிலும் தலை நீட்டும். வேர்கள் ஆழமாக இறங்காமல் மேல்மண்ணிலேயே பக்கவாட்டில் ஓடுவதுதான் காரணம். ஆகவே வேலியோரம், இன்டர்லொக் கல் பதித்த நடைபாதையின் விளிம்பு, மரக்கறிப் பாத்தியின் பக்கம் எல்லாம் இதற்கு ஆகாத இடங்கள். ஒடுங்கலான நகர வளவில் சாதாரண வகையை வைக்கவே வேண்டாம் என்பேன். 15 முதல் 25 அடி வரை உயரும், அகலமும் அதற்குக் குறையாது. மண் அரிக்கும் சரிவு, வேறு எதுவும் வளராத வறண்ட மூலை, சுற்றிலும் புல் வெட்டும் இயந்திரம் ஓட இடமுள்ள பெரிய வளவு என்றால் தாராளமாக நடலாம். புல் வெட்டும்போதே குட்டிகளும் வெட்டுப்படும்.

இடம் சிறிதாக இருந்தும் ஆசை விடவில்லையென்றால் 'டைகர் ஐஸ்' என்ற வகையைத் தேடுங்கள். மஞ்சள் இலை, சுமார் 6 அடி உயரம், குட்டி விடுவதும் குறைவு. குறைவுதானே தவிர, அறவே விடாது என்று நம்பி வாங்காதீர்கள். விற்பவர்கள் சிலர் அப்படித்தான் சொல்லி விற்கிறார்கள்.

அடுத்த தவறு கோபத்தில் நடப்பது. குட்டிகள் பெருகிவிட்டன என்று தாய்மரத்தை அடியோடு வெட்டுவார்கள். மேலே மரம் போனதும் கீழே இருக்கும் வேர் முழுவதும் விழித்துக்கொண்டு, முன்பைவிடப் பல மடங்கு குட்டிகளைத் தள்ளும். மண்வெட்டியால் சுற்றிக் கொத்தினாலும் அப்படித்தான், வேர் காயப்பட்ட இடத்திலெல்லாம் புதிய முளை வரும். அதனால் சுமாக்கின் அடியில் வருடாவருடம் கிண்டிப் பூச்செடி வைக்கிற வேலையே வேண்டாம். மருந்து அடிக்கலாமா என்றால், குட்டியும் தாயும் ஒரே வேரில் இணைந்திருப்பதால் குட்டியில் படும் களைக்கொல்லி தாயையும் தாக்கும். ஒன்ராறியோவில் வீட்டுத் தோட்டத்தின் அழகுக்காகக் களைக்கொல்லி தெளிப்பதற்கு 2009 முதல் தடையும் உண்டு. பொறுமைதான் வழி. குட்டி பிஞ்சாக இருக்கும்போதே கையால் இழுத்து எடுங்கள், வளரும் பருவம் முழுக்க விடாமல் எடுங்கள்.

பாசத்தால் செய்யும் தவறும் ஒன்று இருக்கிறது. பசளை போட்டு, தினமும் தண்ணீர் விட்டு வளர்ப்பது. கொழுத்த மண்ணில் சுமாக் மளமளவென்று உயரும், ஏற்கெனவே மெலிந்த கிளைகள் காற்றிலும் உறைமழையிலும் முறியும், இலையுதிர்கால நிறமும் மங்கும். ரொறன்ரோவைச் சுற்றியுள்ள களிமண்ணில் தண்ணீர் தேங்கினால் வேரே அழுகிவிடும். முதல் வருடம் வேர் பிடிக்கும்வரை தண்ணீர் விடுங்கள், பிறகு விட்டுவிடுங்கள். வெயில் மட்டும் நிறைய வேண்டும்.

காய்க்கவில்லையே என்று வருடக்கணக்கில் காத்திருப்பவர்களும் உண்டு. சுமாக்கில் ஆண் வேறு, பெண் வேறு. சிவப்புக் கொத்து பெண்ணில்தான் வரும். காய்த்து நிற்கிற மரத்தின் குட்டி தாயைப் போலவே பெண்ணாக இருக்கும் என்பதால், தெரிந்தவர் வளவில் அப்படி ஒன்றிருந்தால் வசந்தத் தொடக்கத்தில் ஒரு குட்டி கேட்டு வாங்குங்கள். ரூஜ் தேசிய நகரப் பூங்கா போன்ற இடங்களில் போய்க் கிண்டக் கூடாது, அது சட்டப்படி குற்றம். கிடைத்த காய்க்கொத்துகளைக் குளிர்காலத்தில் வெட்டாமல் விடுங்கள். மற்ற உணவு தீர்ந்த பிறகு ரொபின் போன்ற பறவைகள் அதைத்தான் தேடி வரும்.

நஞ்சுச் சுமாக் என்று பயந்து நல்ல செடியை வெட்டுகிறவர்கள் இதைக் கவனியுங்கள். நஞ்சுச் சுமாக் சதுப்பு நிலத்தில்தான் வளரும். அதன் காய் வெளுப்பாக, தொங்கிக்கொண்டிருக்கும். ஓர் இறகிலையில் சிற்றிலை 7 முதல் 13, விளிம்பில் பல் இருக்காது. நமது சுமாக்கில் சிற்றிலை பெரும்பாலும் 11க்குக் குறையாது, 31 வரை போகும், விளிம்பு பற்பற்களாக இருக்கும், காய் சிவப்பாக நிமிர்ந்து நிற்கும்.

அந்தச் சிவப்புக் கொத்தைத் தண்ணீரில் ஊறவைத்துப் புளிப்பான பானம் செய்கிறார்கள். கொதிநீர் ஊற்றாதீர்கள், துவர்ப்பு இறங்கிவிடும். குளிர்ந்த நீரில் ஊறவைத்து, மயிர் போக மெல்லிய துணியில் வடிகட்டுங்கள். மழை பெய்த மறுநாள் பறித்தால் புளிப்பு கழுவுப்பட்டுப் போயிருக்கும். மாமரமும் முந்திரியும் (கஜு) சேர்ந்த குடும்பம்தான் சுமாக்கும், ஆகவே அவற்றுக்கு ஒவ்வாமை உள்ளவர்கள் இந்தப் பானத்தைத் தொட வேண்டாம். கிளை வெட்டும்போது கையுறையும் போட்டுக்கொள்ளுங்கள், பால் பட்டால் சிலருக்குத் தோல் தடிக்கும்.